கோல்ஃபைத் தொழிலாக எடுக்கப் போகிறீர்களா? முதலில் இதையெல்லாம் யோசித்துவிடுங்கள்

கிளப்பில் உங்களை ஜெயிக்க ஆளில்லை, ஹேண்டிகேப் (ஆட்டத் திறனைக் காட்டும் எண், குறையக் குறைய நல்லது) பூஜ்யத்துக்கு வந்துவிட்டது, பார்க்கிறவர்கள் எல்லாம் "புரோ ஆகிவிடலாமே" என்கிறார்கள். தாராளமாக ஆகலாம். ஆனால் டூரில் (தொழில்முறைப் போட்டித் தொடரில்) ஆடுகிறவர்களுக்கு ஹேண்டிகேப் போட்டுப் பார்த்தால் பூஜ்யத்தையும்விடச் சிறந்த பிளஸ் 4, பிளஸ் 5, அதற்கு மேலும்கூட வரும். அதாவது நீங்கள் ஆடும் அதே மைதானத்தில் ஒரு சுற்றுக்கு உங்களைவிட நான்கைந்து ஸ்ட்ரோக் (பந்தை அடிக்கும் எண்ணிக்கை) குறைவு, நான்கு நாள் போட்டியில் சுமார் இருபது. இந்த இடைவெளியை உங்கள் சொந்த மைதானத்தில் அளக்காதீர்கள். முன்பின் பார்த்திராத மைதானத்தில், காற்று அடிக்கும் நாளில், இரண்டு அடி தூரத்து பட்டையும் (குழியை நோக்கி உருட்டும் அடி) போட்டே ஆக வேண்டிய, மொத்த ஸ்ட்ரோக்கையும் எண்ணும் ஸ்ட்ரோக் பிளே போட்டிகளில் ஒரு சீசன் முழுக்க என்ன சராசரி வருகிறது என்று எழுதிவையுங்கள். அது பாருக்கு, அதாவது மைதானத்துக்கு வகுத்திருக்கும் ஸ்ட்ரோக் எண்ணிக்கைக்கு, கீழே வராதவரை அவசரப்பட வேண்டாம்.

அவசரப்படாமல் இருப்பதில் இப்போது நஷ்டமும் குறைவு. 2022-ல் அமெச்சூர் விதிகளைத் தளர்த்திவிட்டார்கள்: உங்கள் பெயரையும் படத்தையும் வைத்து விளம்பரத்தில் சம்பாதிக்கலாம், போட்டியில் 1000 டாலர் வரை பரிசு வாங்கலாம், அமெச்சூர் அந்தஸ்து போகாது. அதைத் தாண்டிப் பரிசுப் பணம் வாங்கினாலோ தொழில்முறை வீரராகப் போட்டியில் இறங்கினாலோ சிக்கல், அப்புறம் திரும்ப வேண்டுமென்றால் விண்ணப்பித்துக் காத்திருக்க வேண்டும். வயது போய்விடுமே என்று பயப்படுகிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். லாரி நெல்சன் வியட்நாம் போரிலிருந்து திரும்பிய பிறகு, 21 வயதில்தான் மட்டையையே பிடித்தார், மூன்று மேஜர் (கோல்ஃபின் மிகப் பெரிய போட்டிகள்) ஜெயித்தார். ஒய்.இ. யாங் ஆரம்பித்தது 19 வயதில். 2009 பிஜிஏ சாம்பியன்ஷிப்பில் டைகர் வுட்ஸை முந்திக் கோப்பையை எடுத்தவர் அவர்தான்.

அடுத்தது பணம். இதைத்தான் பெரும்பாலானவர்கள் கடைசியில் யோசிக்கிறார்கள், முதலில் யோசிக்க வேண்டியது. கோல்ஃப் வீரருக்கு மாதச் சம்பளம் கிடையாது. அமெரிக்காவின் முதன்மை டூரான பிஜிஏ டூரின் வழக்கமான போட்டியில் முதல் இரண்டு நாள் முடிந்ததும் 65-வது இடம் வரை, சமநிலையில் இருப்பவர்களும் சேர்த்து, உள்ளே இருப்பார்கள், இந்த வடிகட்டலுக்குப் பெயர் கட். மாஸ்டர்ஸ் என்ற மேஜரில் இது 50-வது இடம் வரைதான். மற்றவர்கள் வெள்ளிக்கிழமை மாலை பையைக் கட்ட வேண்டியதுதான். வழக்கமான போட்டியில் அவர்களுக்குப் பரிசுத் தொகையில் பங்கு இல்லை, ஆனால் விமானம், அறை, சாப்பாடு, பை சுமக்கும் உதவியாளரான கேடியின் வாரக் கூலி எல்லாம் செலவாகியிருக்கும். ஜெயிக்கிறவருக்கு மொத்தப் பரிசில் 18 சதவீதம் போகும், கீழே இறங்க இறங்கத் தொகை வேகமாகச் சுருங்கும். அதிலிருந்து கேடிக்குப் பங்கு தர வேண்டும். ஜெயித்தால் 10, முதல் பத்துக்குள் வந்தால் 7, மற்றபடி 5 சதவீதம் என்பது பொதுவான வழக்கம். போட்டி நடக்கும் நாட்டில் வரியும் பிடிப்பார்கள்.

ஆகவே பட்ஜெட் போடும்போது பாதிப் போட்டிகளில் கட் தவறும் என்றே கணக்கு வையுங்கள். இரண்டு சீசன் செலவுக்குக் கையில் இருப்பு இல்லாமல் இறங்காதீர்கள், ஒரு சீசன் போதாது. ஒவ்வொரு பட்டும் அறை வாடகையாகத் தெரிய ஆரம்பித்தால் கை நடுங்கும், அந்த நிலையில் யாராலும் நன்றாக ஆட முடியாது.

சரி, டூருக்குள் நுழைவது எப்படி? பெரும்பாலானவர்களுக்கு வழி கியூ-ஸ்கூல்தான். பள்ளி என்று பெயரே தவிர, கட்டம் கட்டமாக வடிகட்டும் தகுதிப் போட்டி அது. ஐரோப்பாவின் டிபி வேர்ல்ட் டூரில் கடைசிக் கட்டம் ஆறு சுற்று, அதில் முதல் இருபது பேருக்கும் சமநிலையில் இருப்பவர்களுக்கும் கார்டு, அதாவது டூரில் ஆடும் உரிமை, கிடைக்கும். பிஜிஏ டூருக்கு 2023 முதல் அந்த வழியாக நேரடியாகக் கிடைப்பது ஐந்து கார்டு. அதனால் ஒரே கதவின் முன் நிற்காதீர்கள். சிறிய டூர்கள், போட்டி வாரத்தின் திங்கட்கிழமைத் தகுதிச் சுற்றுகள், ஸ்பான்சர் அழைப்பு என எல்லாவற்றுக்கும் பெயர் கொடுத்துவையுங்கள். ஜோர்டன் ஸ்பீத் 2012-ல் கியூ-ஸ்கூலில் தோற்றவர், கார்டே இல்லாமல் ஆரம்பித்த அடுத்த ஆண்டின் ஜூலையில் ஜான் டியர் கிளாசிக்கை வென்றார். யாராவது விலகினால் அழைக்கப்படும் மாற்று வீரர் பட்டியலில் பெயர் இருந்தால் பை தயாராக இருக்கட்டும். 1991 பிஜிஏ சாம்பியன்ஷிப்பில் ஜான் டேலி ஒன்பதாவது மாற்று வீரர். இரவோடு இரவாகக் காரோட்டி வந்து, பயிற்சிச் சுற்றுகூட ஆடாமல் இறங்கி, கோப்பையோடு போனார்.

டேலிக்கு அது நடந்தது, நீங்கள் பயிற்சிச் சுற்றை விடாதீர்கள். அதை ஆடும் விதமும் வேறு. செவ்வாய்க்கிழமை கிரீனுக்கு (குழி இருக்கும் வழவழப்பான புல்தரைக்கு) வந்ததும் அன்றைக்கு இருக்கும் குழியை மறந்துவிடுங்கள், வியாழக்கிழமை அது அங்கே இருக்காது. ஓரத்தை ஒட்டி, மணல் பள்ளமான பங்கருக்குப் பின்னால், ஓரளவு சமமாக இருக்கும் இடங்களைத் தேடினால் குழி எங்கெங்கே வரும் என்று அநேகமாகப் பிடிபட்டுவிடும். அந்த இடங்களில் பந்தை ஏற்றி வைக்கும் சிறு முளையான டீயை ஒவ்வொன்றாகக் குத்தி, நான்கு பக்கமிருந்தும் பந்தை உருட்டிப் பாருங்கள், எந்தப் பக்கம் இழுக்கிறது என்று மைதானத்தின் தூரங்களைக் குறித்த யார்டேஜ் புக்கில் அம்புக்குறி போட்டுக்கொள்ளுங்கள். 2022 முதல் பிஜிஏ டூர் போன்ற பெரிய டூர்களில் கிரீனின் விரிவான வரைபடத்தைப் பார்த்து ஆட முடியாது, நீங்களும் கேடியும் கையால் எழுதிய குறிப்புதான் துணை. எங்கே அடிக்க வேண்டும் என்பதைவிட எந்தப் பக்கம் தவறினால் பார் காப்பாற்றலாம் என்பதைத் தடிமனாக எழுதுங்கள். கேடியைத் தேர்ந்தெடுக்கும்போதும் இதைத்தான் பாருங்கள்: நீங்கள் கோபமாக இருக்கும்போது, கொடியை நோக்கி அடிக்காதே என்று சொல்லும் தைரியம் அவருக்கு இருக்கிறதா?

பயிற்சி நேரத்தை எதில் போடுவது என்பதற்கு உங்கள் எண்களைப் பாருங்கள், ஆசையைப் பார்க்காதீர்கள். கொலம்பியா பல்கலைக்கழகப் பேராசிரியர் மார்க் பிராடி கொண்டுவந்த, ஒவ்வொரு ஷாட்டும் சராசரியைவிட எவ்வளவு லாபம் என்று அளக்கும் ஸ்ட்ரோக்ஸ் கெயின்ட் கணக்கை இப்போது பெரிய டூர்கள் பயன்படுத்துகின்றன. முன்னணி வீரர்களுக்கும் மற்றவர்களுக்கும் இடையே உள்ள வித்தியாசத்தில் சுமார் மூன்றில் இரண்டு பங்கு நூறு கஜத்துக்கு அப்பாலிருந்து அடிக்கும் ஷாட்களில் வருகிறது என்று அவர் காட்டினார். எட்டு அடி பட்டை டூர் வீரர்களே பாதிதான் போடுகிறார்கள், அது தவறினால் மனம் உடைய வேண்டாம். ஆனாலும் இதை வேதமாக எடுக்காதீர்கள். அதிதி அசோக் அதிக தூரம் அடிக்கிறவர் இல்லை. டோக்கியோ ஒலிம்பிக்கில் பட்டிங்கை நம்பி நான்காவது இடத்துக்கு வந்தார், ஒரே ஒரு ஸ்ட்ரோக்கில் வெண்கலம் போனது. உங்கள் பலம் எது என்று தெரிந்து அதைக் காப்பாற்றுவதும் பயிற்சிதான். தொடர்ந்து மூன்று கட் தவறியதும் ஸ்விங்கை மாற்றுவதை மட்டும் செய்யாதீர்கள், அந்த வேலை சீசன் முடிந்த பிறகு.

விதிகள் விஷயத்தில் நான் கொஞ்சம் கண்டிப்பாகவே சொல்வேன். முதல் டீயில், அதாவது ஆட்டம் தொடங்கும் இடத்தில், நிற்கும்போது மட்டைகளை எண்ணுங்கள், 14-க்கு மேல் கூடாது. 2001 பிரிட்டிஷ் ஓப்பனின் கடைசிச் சுற்றில் இயான் வூஸ்னமின் பையில் 15 இருந்தன, முதல் ஹோலில் பேர்டி (பாரைவிட ஒன்று குறைவு) போட்டு முன்னணியில் சேர்ந்திருந்தவருக்கு இரண்டு ஸ்ட்ரோக் தண்டனை. முடிந்ததும் ஸ்கோர்கார்டு. உங்கள் எண்களை எழுதுவது கூட ஆடுகிறவர், ஆனால் பொறுப்பு உங்களுடையது. ஹோல் ஹோலாக அவரோடு வாய்விட்டுப் படித்துச் சரிபாருங்கள், கூட்டுத்தொகை அதிகாரிகள் வேலை. குறைத்து எழுதியிருந்தால் தகுதிநீக்கம்வரை போகும், கூட்டி எழுதியிருந்தால் அதுவே நிற்கும். 1968 மாஸ்டர்ஸில் ரொபர்ட்டோ டி விசென்ஸோ 17-வது ஹோலில் மூன்றில் முடித்தார், கார்டில் நான்கு என்று இருந்தது, கவனிக்காமல் கையெழுத்துப் போட்டார். சமநிலையை உடைக்கும் பிளேஆஃப் ஆடியிருக்க வேண்டியவர் ஒரு ஸ்ட்ரோக்கில் தோற்றார்.

ஓய்வுக்கும் திட்டம் வேண்டும். தொடர்ந்து மூன்று வாரம் ஆடினால் ஒரு வாரம் வீட்டில் இருங்கள், அந்த வாரத்தில் சிறிய போட்டி கண்ணில் பட்டாலும் போகாதீர்கள். முதுகும் மணிக்கட்டும்தான் முதலில் மக்கர் செய்யும், வலி வந்த பிறகு பிசியோவைத் தேடுவதைவிட முன்பே ஒருவரிடம் காட்டி உடற்பயிற்சியை முடிவு செய்துகொள்ளுங்கள்.

உங்களுக்கு நீங்களே ஒரு காலக்கெடு வைத்துக்கொள்ளுங்கள். அது முடிந்தும் கியூ-ஸ்கூலின் முதல் கட்டத்தையே தாண்ட முடியவில்லை என்றால், கிளப் புரோ பயிற்சிக்கு விண்ணப்பியுங்கள். உலகத்தில் புரோ என்று இருப்பவர்களில் பெரும்பாலானவர்கள் கற்றுக்கொடுத்தும் கிளப்பை நடத்தியும் வாழ்கிறவர்கள்தான். வருமானம் நிலையாக வரும், போட்டியையும் விட வேண்டியதில்லை. பிஜிஏ சாம்பியன்ஷிப்பில் அமெரிக்க கிளப் புரோக்களுக்கென்றே 20 இடம் உண்டு. 2023-ல் அப்படி வந்த மைக்கேல் பிளாக் கடைசி நாளில் ஹோல்-இன்-ஒன் (ஒரே அடியில் குழிக்குள்) போட்டு 15-வது இடத்தைப் பகிர்ந்துகொண்டார், 2,88,000 டாலருக்கு மேல் பரிசு வாங்கினார்.