லஞ்ச வழக்கை நீதிமன்றத்தில் நிரூபிப்பது எப்படி? புகார் முதல் தீர்ப்பு வரை

பணம் பிடிபட்டுவிட்டது என்பதற்காக மட்டும் லஞ்ச வழக்கு ஜெயித்துவிடாது. அதிகாரியின் கையிலிருந்து நோட்டுகளை எடுத்தோம் என்பது போதாது, அவர் அதைக் கேட்டார் என்பதும் நிரூபணமாக வேண்டும் என்று பி. ஜெயராஜ் வழக்கில் 2014-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்த வழக்கில் புகார்தாரர் பிறழ் சாட்சியாகிவிட்டார், அதாவது முன்பு சொன்னதை நீதிமன்றத்தில் மாற்றிச் சொல்லிவிட்டார்; அதிகாரி விடுதலையானார். அதனால் புகார் எழுதும் நாளிலிருந்தே 'கேட்டார்' என்பதற்கான ஆதாரத்தைச் சேர்க்க வேண்டும். புகார் கொடுக்க நினைப்பவர்களுக்கும், இளம் வழக்கறிஞர்களுக்கும், நீதிமன்றச் செய்தி எழுதத் தொடங்குபவர்களுக்கும் அந்த வழியைப் படிப்படியாகச் சொல்கிறேன்.

படி 1: புகார்

மாநில அரசு ஊழியர் என்றால் லஞ்ச ஒழிப்புத்துறை, மத்திய அரசு ஊழியர் என்றால் பொதுவாக சிபிஐ. "லஞ்சம் கேட்கிறார்" என்று ஒரு வரியில் முடிக்காதீர்கள். எந்தத் தேதியில், எந்த இடத்தில், எந்த வேலைக்காக, எவ்வளவு கேட்டார், என்ன வார்த்தைகளில் கேட்டார், பேரம் நடந்ததா, பக்கத்தில் யார் இருந்தார்கள் என்று எல்லாவற்றையும் எழுதுங்கள். அவர் நேரடியாகத் தொகையைச் சொல்லாமல் விரலைக் காட்டியிருந்தால் அதையும் அப்படியே எழுதுங்கள்.

உங்கள் வேலை அவரிடம் நிலுவையில் இருந்தது என்பதற்கான காகிதங்கள் ரொம்ப முக்கியம். மனு கொடுத்த ரசீது, கோப்பு எண், குறுஞ்செய்தி எதுவானாலும் சரி. "அந்த ஃபைல் என்னிடம் இல்லவே இல்லை" என்று எதிர்த்தரப்பு சொல்லும்போது இவைதான் பேசும்.

பயப்படுகிறவர்களுக்கு ஒரு விஷயம். ஊழல் தடுப்புச் சட்டத்தின் 2018 திருத்தத்துக்குப் பிறகு லஞ்சம் கொடுப்பதும் குற்றம். ஆனால் வேறு வழியில்லாமல் கொடுத்துவிட்டு 7 நாட்களுக்குள் புகார் செய்தால் உங்கள் மீது வழக்கு வராது. முன்கூட்டியே போலீசுக்குத் தகவல் சொல்லி, அவர்களுக்கு உதவியாகக் கொடுத்தாலும் வராது.

படி 2: பொறி வைப்பதற்கு முன்

லஞ்சம் வாங்கும்போதே கையும் களவுமாகப் பிடிக்கப் போலீஸ் செய்யும் ஏற்பாடுதான் பொறி. கொடுக்கப்போகும் நோட்டுகளின் எண்களை மகஜரில் (சாட்சிகள் முன்னால் எழுதும் பதிவில்) எழுதுவார்கள். நோட்டில் பினாப்தலின் பவுடர் தடவுவார்கள். அதைத் தொட்ட கையைச் சோடியம் கார்பனேட் கரைசலில் நனைத்தால் கரைசல் இளஞ்சிவப்பாகும். அதைச் சாட்சிகள் முன்னால் செய்து காட்டுவார்கள். வேறு துறைகளைச் சேர்ந்த அரசு ஊழியர்கள் இரண்டு பேர் சாட்சிகளாக இருப்பார்கள். அவர்களில் ஒருவர் உங்களோடு உள்ளே வருவார். அவர்தான் நிழல் சாட்சி.

இந்தக் கட்டத்தில் உங்களுக்குச் சொல்லப்படும் ஒரு வாக்கியத்தை மறக்கவே கூடாது: அவர் கேட்டால் மட்டும் பணத்தைக் கொடுங்கள். கேட்காதபோது மேசையில் வைத்தாலோ சட்டைப்பையில் திணித்தாலோ வழக்கு அங்கேயே பலவீனமாகிவிடும்.

படி 3: பொறி

நிழல் சாட்சி பேச்சைக் காதால் கேட்கும் தூரத்தில் இருக்க வேண்டும். வாசலில் நின்றுகொண்டு, கை மாறியதை மட்டும் பார்த்தவரின் சாட்சியம் பாதி சாட்சியம்தான். குறுக்கு விசாரணையில் முதலில் உடைப்பது இந்த இடத்தைத்தான்.

சைகை கிடைத்ததும் குழு உள்ளே வரும். இரண்டு கைகளையும் தனித்தனிக் கரைசலில் கழுவி, பாட்டில்களில் ஊற்றி, சீல் வைத்து, சாட்சிகள் கையெழுத்துப் போட்டு, தடய அறிவியல் ஆய்வகத்துக்கு அனுப்புவார்கள். பிடிபட்ட அந்த நேரத்தில் அதிகாரி என்ன விளக்கம் சொன்னார் என்பதையும் பதிவு செய்ய வேண்டும். அன்றைக்கு எதுவும் சொல்லாதவர், விசாரணையில் வந்து "அது பழைய கைமாற்றுக் கடன்" என்றால் நீதிபதி ஏன் அன்றே சொல்லவில்லை என்று யோசிப்பார்.

பேச்சைப் பதிவு செய்திருந்தால் பாரதிய சாட்சிய அதினியம் 63-ஆவது பிரிவின்படி சான்றிதழ் தேவை (முன்பு, பழைய இந்திய சாட்சியச் சட்டத்தில் 65பி பிரிவு). அது இல்லையென்றால் பதிவின் நகல் எவ்வளவு தெளிவாக இருந்தாலும் ஆதாரமாக ஏற்கமாட்டார்கள்.

படி 4: அனுமதி ஆணை

ஊழல் தடுப்புச் சட்டம் 19-ஆவது பிரிவின்படி, அந்த ஊழியரைப் பதவி நீக்கம் செய்யும் அதிகாரம் உள்ளவர் வழக்குத் தொடர அனுமதி தர வேண்டும். அவர் ஆவணங்களைப் படித்துத்தான் அனுமதி கொடுத்தார் என்பது ஆணையிலேயே தெரிய வேண்டும். அனுமதி கேட்டு 3 மாதங்களுக்குள் முடிவெடுக்க முயல வேண்டும், தேவைப்பட்டால் இன்னொரு மாதம் என்று சட்டம் சொல்கிறது.

படி 5: விசாரணை

சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்கும் பொறுப்பு அரசுத் தரப்புடையது. ஆனால் ஊழல் தடுப்புச் சட்டத்தின் 20-ஆவது பிரிவு கைகொடுக்கிறது: பணத்தைக் கேட்டார், பெற்றார் என்ற அடிப்படை நிரூபணமானால், அது லஞ்சமாகத்தான் பெறப்பட்டது என்று நீதிமன்றம் அனுமானிக்க வேண்டும். அப்புறம் விளக்கம் சொல்ல வேண்டியது அதிகாரியின் பாடு.

மனதை உறுத்தும் பிரச்சினை, பிறழ் சாட்சி. வருடங்கள் ஓடிவிடும், அதே அலுவலகத்தில் வேறு வேலையும் ஆக வேண்டியிருக்கும், புகார்தாரர் மனம் மாறிவிடுவார். இவரைக் கோழை என்று திட்டுவது எளிது. தனியாக நிற்பவரின் நெருக்கடி எனக்குப் புரிகிறது. 2022 டிசம்பர் 15-ல் நீரஜ் தத்தா வழக்கில் 5 நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு இதற்கு வழி சொன்னது. புகார்தாரர் இறந்தாலும் பிறழ்ந்தாலும், மற்ற சாட்சிகள், ஆவணங்கள், சந்தர்ப்ப சூழ்நிலைகள் மூலம் கேட்டதையும் வாங்கியதையும் நிரூபிக்கலாம். நிழல் சாட்சி, நிலுவைக் கோப்பு, ஒலிப்பதிவு என்று மேலே இவ்வளவு வலியுறுத்தியது இதற்காகத்தான். புகார்தாரர் செய்ய வேண்டியது, முதல் தகவல் அறிக்கையின் நகலை இலவசமாக வாங்கிப் பத்திரமாக வைத்திருந்து, சாட்சி சொல்லப் போவதற்கு முன் படித்துக்கொள்வது.

சொத்துக் குவிப்பு வழக்கு மட்டும் வேறு

இங்கே 'கேட்டார்' என்ற கேள்வியே கிடையாது, எல்லாம் கணக்கு. ஒரு காலகட்டத்தை எடுத்துக்கொண்டு, வருமானத்தில் செலவைக் கழித்தால் வருவது சேமித்திருக்கக்கூடிய தொகை. அந்தக் காலத்தில் சேர்ந்த சொத்து அதைவிடக் கூடுதல் என்றால் அதற்குக் கணக்குக் காட்ட வேண்டும். ஜெயலலிதா வழக்கில் அந்தக் காலகட்டம் 1991 ஜூலை முதல் 1996 ஏப்ரல் வரை. கர்நாடக உயர் நீதிமன்றம் 2015-ல் கூடுதல் சொத்து வருமானத்தில் 8.12 சதவீதம்தான் என்று சொல்லி அனைவரையும் விடுவித்தது. ஆனால் அந்தத் தீர்ப்பில் வருமானமாகச் சேர்த்த கடன்களின் பட்டியலில், சுமார் 10.67 கோடி வர வேண்டிய கூட்டல் 24.17 கோடி என்று இருந்தது. 2017 பிப்ரவரி 14-ல் உச்ச நீதிமன்றம் விடுதலையை ரத்து செய்தது. ஜெயலலிதா அதற்குள் காலமாகிவிட்டதால் அவர் மீதான வழக்கு அற்றுப்போனது. சசிகலா உட்பட மூவரின் தண்டனை உறுதியானது. இத்தகைய தீர்ப்பு கைக்கு வந்தால், பட்டியலின் கூட்டலை நீங்களே ஒருமுறை போட்டுப் பார்த்துவிட்டு அப்புறம் வாதங்களைப் படியுங்கள்.