பழைய ஊமைக் காமெடி: பார்க்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

சாப்ளின், பஸ்டர் கீட்டன் போன்ற ஊமைப்பட நகைச்சுவை நடிகர்களின் குறும்படங்களில் எல்லோரும் விசுக் விசுக்கென்று ஓடுகிறார்களே, அந்தக் காலத்துப் படமே அப்படித்தான் என்று நினைப்பது முதல் தவறு. பெரிய தவறும் அதுதான். அன்று கேமராவைக் கையால் சுற்றினார்கள். பெரும்பாலும் விநாடிக்கு 16 முதல் 20 பிரேம் (தனித்தனி நிழற்படம்) வரை பதிவாகும். பேசும் படம் வந்தபின் அது 24 என்று நிலைத்தது. 16-இல் எடுத்ததை 24-இல் ஓட்டினால் ஒன்றரை மடங்கு வேகம். நடிகரின் தயக்கம், கண்ணசைவு எல்லாம் காணாமல் போய்விடும். துரத்தல் காட்சிகளுக்காக வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றி வேகம் கூட்டியதும் உண்டு, அது வேறு. ஆனால் பின்னணியில் சும்மா நடந்துபோகிறவரே ஓடுவதுபோலத் தெரிந்தால் கோளாறு பிரதியில்தான். யூடியூபில் வேகத்தை 0.75 ஆக்கிப் பாருங்கள். புதுப்பித்த பிரதி கிடைத்தால் இன்னும் நல்லது.

அடுத்தது, 'விழுந்து எழுவதுதானே, இதில் என்ன இருக்கிறது' என்ற அலட்சியம். சாப்ளினின் 'தி இமிகிரன்ட்' (1917) தொடக்கத்தைப் பாருங்கள். ஆடுகிற கப்பல். கைப்பிடிக் கம்பிமேல் குப்புறச் சாய்ந்திருக்கிறார். முதுகுதான் தெரிகிறது, உடம்பு குலுங்குகிறது. பாவம், வாந்தி எடுக்கிறார் என்று முடிவு கட்டிவிடுகிறோம். திரும்பினால் கையில் மீன்! கேமராவை எங்கே வைப்பது, எதை மறைப்பது என்று உட்கார்ந்து யோசித்தவர்களால்தான் இப்படி எடுக்க முடியும்.

துண்டு வீடியோவாகப் பார்ப்பதையும் விட்டுவிடுங்கள். கீட்டனின் 'ஒன் வீக்' (1920) கடைசியில் வீடு தண்டவாளத்தில் மாட்டிக்கொள்கிறது. ரயில் வருகிறது. தள்ளியும் நகரவில்லை, கணவனும் மனைவியும் ஒதுங்குகிறார்கள். ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அப்பாடா என்று மூச்சு விடுவதற்குள், எதிர்த்திசையிலிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டைச் சுக்குநூறாக்குகிறது. மோதலை மட்டும் வெட்டி எடுத்துப் பார்த்தால் அந்த 'அப்பாடா' போச்சு, சிரிப்பும் போச்சு.

சத்தமே இல்லாமல் பார்க்க வேண்டும் என்பதும் தப்பு. அன்றைய தியேட்டர்களில் பியானோவாவது வாசிப்பார்கள். எல்லாப் புகழையும் சாப்ளினுக்கே கொடுப்பதும் நியாயமில்லை: 1914-லேயே நடிகை மேபல் நார்மண்ட் நடித்துக்கொண்டே படங்களை இயக்கினார், அவற்றில் சாப்ளினும் நடித்தார்.

அப்புறம், ஒரே மூச்சில் பத்துப் படம் வேண்டாம். இரண்டு ரீல் (படச்சுருள்) படம் என்றால் இருபது நிமிடத்துக்கு முன்பின் ஓடும். தியேட்டர் நிகழ்ச்சியில் மற்றவற்றோடு சேர்த்துக் காட்டத்தான் அவற்றை எடுத்தார்கள். ஒரு நாளைக்கு ஒன்று போதும்.