டாக்குக்குத் திரும்பாத ரோபோ வாக்குவம்

சர்வீஸுக்கு போன் போடுவதற்கு முன், உலர்ந்த மெல்லிய துணியால், ரோபோ வந்து நின்று சார்ஜ் ஏற்றிக்கொள்ளும் சார்ஜிங் டாக்கின் முன்பக்கக் கறுப்புப் பட்டையையும், டாக்கிலும் ரோபோவிலும் உள்ள சார்ஜ் ஏற்றும் உலோக முனைகளையும் துடைத்துவிடுங்கள். பெரும்பாலான டாக்குகள் அந்தப் பட்டை வழியாகத்தான் அகச்சிவப்புக் கதிரை அனுப்பி ரோபோவை அழைக்கின்றன. டெல்லிப் புழுதி, அதுவும் மே மாதத்து ஆந்தி (புழுதிப் புயல்) அடித்த மறுநாள், அதன் மேல் மாவு சலித்த மாதிரி படிந்திருக்கும். பால்கனி வெயில் நேராக விழுந்தாலும் இதே தொல்லைதான். சூரிய ஒளியிலும் அகச்சிவப்பு உண்டே! டாக்கை நிழலான சுவரோரம் வையுங்கள், எதிரே ஒன்றரை மீட்டராவது காலியாக இருக்கட்டும்.

டாக்கில் விளக்கே எரியவில்லையென்றால் துடைத்துப் பயனில்லை, பிளக்கைப் பாருங்கள். வரைபடம் போட்டு ஓடும் மாடலில் டாக்கை இடம் மாற்றியிருந்தால், புதிய இடத்திலிருந்தே ஒரு முறை ஓடவிட வேண்டும்.