நரகத்தில் ஒரு தர்க்கவாதி: இடைக்கால நூல்களைப் படிக்கும்போது சறுக்கும் இடங்கள்

இடைக்காலச் சிந்தனையைப் படிக்க உட்காருகிறவர்கள் நம் காலத்துக் கல்லூரி வளாகத்தையும் கூடவே தூக்கிக்கொண்டு போகிறார்கள். தர்க்கத்துக்கு ஒரு கட்டடம், இலக்கியத்துக்கு ஒன்று, தத்துவத்துக்கு ஒன்று. குழப்பம் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

முதல் தவறு, கவிதையைத் தர்க்கத்துக்கு வெளியே நிறுத்துவது. கிரேக்கத் தத்துவவாதி அரிஸ்டாட்டில் எழுதிய 'கவிதையியல்' நூலை, அரபியில் எழுதிய தத்துவவாதிகளான அல் ஃபராபியும் இப்னு சீனாவும் (980–1037) அவருடைய தர்க்க நூல்களில் ஒன்றாகவே எண்ணினார்கள். நிரூபணம் அறிவைத் தரும், பேச்சுக்கலை இணங்க வைக்கும், கவிதை கற்பனையைத் தொட்டு ஆளை அசைக்கும். இப்னு சீனா காட்டும் உதாரணம் அருமையானது: தேனை யாராவது 'கக்கிய பித்தம்' என்று சொல்லிவிட்டால், பொய் என்று தெரிந்தும் நமக்குக் குமட்டுகிறது. நம்ப வைக்காமலே வேலை செய்யும் அந்த வாக்கியத்தைத்தான் அவர் ஆராய்ந்தார். 'கவிதையையும் சூத்திரமாக்கிவிட்டார்களே' என்று பதறுகிறவர்கள் இந்தத் தேனைக் கொஞ்சம் நினைத்துப் பார்க்கலாம்.

அடுத்தது, அதே கவிதையியலுக்கு உரை எழுதிய, ஸ்பெயினின் கோர்டோபா நகரத்துத் தத்துவவாதி இப்னு ருஷ்தைப் (1126–1198) பார்த்துச் சிரிப்பது. கிரேக்கத் துன்பியல் நாடகத்தைப் புகழ்ச்சிக் கவிதை என்றும், இன்பியல் நாடகத்தை வசைக் கவிதை என்றும் எழுதியவர் அவர். தவறுதான். ஆனால் அவருக்குக் கிரேக்கம் தெரியாது; சிரியாக் மொழி வழியாக அரபிக்கு வந்த மொழிபெயர்ப்பிலேயே அந்தச் சொற்கள்தான் இருந்தன. வேடிக்கை அப்புறம்தான். அவருடைய உரையை 1256இல் ஸ்பெயினின் டொலேடோவில் ஹெர்மன் என்பவர் லத்தீனுக்குக் கொண்டுபோனார். 1278இல் மோர்பெக்கே வில்லியம் என்ற இன்னொருவர் அரிஸ்டாட்டிலின் நூலையே கிரேக்க மூலத்திலிருந்து நேரடியாக மொழிபெயர்த்தார். ஆனாலும் லத்தீன் வாசகர்கள் அதிகம் நாடியது ஹெர்மனைத்தான். கவிதை என்றால் நல்லதைப் புகழ்வது, கெட்டதைப் பழிப்பது என்ற எண்ணம் அவர்களிடம் ஏற்கெனவே ஊறியிருந்தது.

இத்தாலியக் கவிஞர் தாந்தேயின் 'தெய்வீக நாடகம்' என்ற காவியத்தில், நரகப் பகுதியில் வரும் வாதங்களை வெறும் அலங்காரம் என்று தாண்டிப் போவதும் உண்டு. 27ஆம் காண்டத்தைப் பாருங்கள். ஒரு வஞ்சக யோசனை சொல்வதற்காக, குய்தோ என்ற துறவிக்குப் போப் முன்கூட்டியே பாவமன்னிப்புக் கொடுத்துவிடுகிறார். குய்தோ இறந்ததும் பிசாசு வந்து வாதாடுகிறது: மனம் வருந்தாதவனுக்கு மன்னிப்பு இல்லை, ஒரு பாவத்தைச் செய்ய விரும்பிக்கொண்டே அதற்காக வருந்தவும் முடியாது, அது முரண்பாடு. 'நான் தர்க்கம் தெரிந்தவன் என்று நீ நினைக்கவில்லை போலும்' என்று சொல்லி ஆளை இழுத்துப் போகிறது. ஒன்றும் அதன் மறுப்பும் ஒருசேர உண்மையாக இருக்க முடியாது என்ற முரண்பாட்டு விதியை எடுத்துவிட்டால் அங்கே கதையே நகராது.

சரி, கவிதையும் தர்க்கமும் எப்போதும் ஒற்றுமையாக இருந்தன என்று மறுபக்கம் சாயவும் வேண்டாம். 13ஆம் நூற்றாண்டில் ஆந்ரி தாந்தெலி என்ற பிரெஞ்சுக் கவிஞர், பழங்கவிஞர்களைத் தன் பக்கம் சேர்த்துக்கொண்ட ஆர்லியன் நகரத்து இலக்கணமும் பாரிஸ் தர்க்கமும் படை திரட்டி மோதுவதாகப் பாடினார். ஜெயித்தது தர்க்கம். முப்பது வருடத்தில் பிள்ளைகள் இலக்கணத்துக்கே திரும்புவார்கள் என்று ஆருடமும் சொல்லி முடித்தார்.