வேலூர்ப் பக்கத்து விளையாட்டு வீரர்கள் ரயில்வே பணிக்கு ஆயத்தமாவது எப்படி?

ரயில்வேயின் விளையாட்டு ஒதுக்கீட்டை, நன்றாக ஆடும் பிள்ளைக்கு அரசாங்கம் தரும் பரிசு என்றே நம் பக்கத்துப் பெற்றோர் பலர் எண்ணுகிறார்கள். உண்மையில் அது அணிக்கு ஆள் சேர்க்கும் ஏற்பாடு. 1928-இல் தொடங்கிய சங்கத்தின் வழிவந்த ரயில்வே விளையாட்டு ஊக்குவிப்பு வாரியம், தேசியப் போட்டிகளில் மாநிலங்களுக்கு இணையாகத் தனி அணியைக் களமிறக்குகிறது; தெற்கு ரயில்வே போன்ற மண்டலங்களும் பெரம்பூர் ஐ.சி.எஃப். (ரயில் பெட்டித் தொழிற்சாலை) போன்ற தொழிற்சாலைகளும் முதலில் தங்களுக்குள் மோதுகின்றன. எந்த ஆட்டத்தில் ஆள் தேவைப்படுகிறதோ, அதற்குத்தான் அறிவிப்பு வரும்.

ஆகவே அறிவிப்பு வந்ததும் மொத்தக் காலியிடங்களின் எண்ணிக்கையைப் பார்த்து மகிழ்வதை விட்டு, உங்கள் ஆட்டத்துக்கு எதிரே எழுதியிருப்பதைப் படியுங்கள். பளுதூக்குதல் என்றால் எந்த உடல் எடைப் பிரிவு, கால்பந்து என்றால் எந்த ஆட்ட நிலை, தடகளம் என்றால் எந்தப் பந்தயம் என்பது வரை பெரும்பாலும் குறிப்பிட்டிருப்பார்கள். அவர்கள் கேட்பது கோல்கீப்பரை என்றால், முன்கள ஆட்டக்காரர் எவ்வளவு கோல் அடித்திருந்தாலும் அந்த ஆண்டு காத்திருக்க வேண்டியதுதான். சென்னையில் உள்ள தெற்கு ரயில்வே ஆட்சேர்ப்புப் பிரிவின் இணையதளத்தையும் ஐ.சி.எஃப். தளத்தையும் தனித்தனியே கவனித்து வாருங்கள். ஓரிடத்தில் இல்லாத வாய்ப்பு மற்றோரிடத்தில் இருக்கக்கூடும்.

வயது 18 முதல் 25 வரை. மற்றத் தேர்வுகளில் கிடைக்கும் வயதுத் தளர்வு இதில் எந்தப் பிரிவினருக்கும் கிடையாது. கல்வித் தகுதி பதவிக்கு ஏற்ப மாறும்: சம்பள அட்டவணையின் முதல் நிலைப் பணிக்குப் பத்தாம் வகுப்பு அல்லது ஐ.டி.ஐ., அதற்கு மேல் பன்னிரண்டாம் வகுப்பு, பிறகு பட்டம். ஏழாவது ஊதியக் குழுவின்படி முதல் நிலையின் அடிப்படைச் சம்பளம் 18,000 ரூபாய், இரண்டாம் நிலையில் 19,900 ரூபாய். விளையாட்டுக்காகப் பன்னிரண்டாம் வகுப்பைப் பாதியில் விடுவது, மேல்நிலைப் பதவிகளின் வாசலைத் தாமே சாத்திக்கொள்வதாகும்.

பலர் சறுக்குவது சான்றிதழில்தான். நடப்பு நிதியாண்டிலும் அதற்கு முந்தைய இரண்டு நிதியாண்டுகளிலும் ஈட்டிய சாதனைகளே பொதுவாகக் கணக்கில் வரும். பழைய பதக்கங்கள் வீட்டு அலமாரிக்கு அழகு, விண்ணப்பத்துக்கு உதவாது. போட்டியை நடத்திய அமைப்பு அங்கீகரிக்கப்பட்ட தேசியச் சம்மேளனத்தைச் சேர்ந்ததாக இருக்க வேண்டும். பணம் வாங்கிக்கொண்டு வெளிமாநிலத்துக்கு அழைத்துச் சென்று, ‘சர்வதேச’ என்று அச்சிட்ட தாளைக் கொடுத்து அனுப்பும் போட்டிகளுக்கு ஒரு ரூபாயும் செலவழிக்காதீர்கள்.

சான்றிதழ் கையில் கிடைத்த அன்றே அதைப் பத்தாம் வகுப்பு மதிப்பெண் பட்டியலுக்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். பட்டியலில் ‘எஸ். கார்த்திக்’ என்றிருக்க, விளையாட்டுச் சங்கத்தில் அவசரமாகச் சான்றிதழ் எழுதியவர் இனிஷியலை விட்டுவிட்டு ‘கார்த்திகேயன்’ என்று எழுதியிருப்பார்; பிறந்த தேதியில் மாதமும் நாளும் இடம் மாறியிருக்கும். அந்த வாரமே திருத்தி வாங்கினால் வேலை எளிதில் முடிந்துவிடும். நிர்வாகிகள் மாறிய பிறகு அலைவது பெரும்பாடு.

மதிப்பெண் 100. சாதனைகளுக்கு 50, களத் தேர்வில் ஆட்டத்திறன், உடல்தகுதி, பயிற்சியாளர் கணிப்பு ஆகியவற்றுக்கு 40, கல்விக்கு 10. ஆனால் களத் தேர்வின் 40-இல் 25 எடுக்காதவர் அடுத்த கட்டத்துக்கே போக முடியாது என்பதால், பதக்கப் பெட்டியை நம்பிப் பயிற்சியைத் தளர்த்தியவர் அங்கேயே நின்றுவிடுகிறார். விண்ணப்பம் போட்ட நாளிலிருந்து காயம் படாமல் பார்த்துக்கொள்வதும் பயிற்சியில் ஒரு பகுதிதான்.

தேர்வு பெரும்பாலும் சென்னையில் நடக்கும். ஏலகிரி எக்ஸ்பிரஸ் அதிகாலையிலேயே காட்பாடியைக் கடந்துவிடும் என்றாலும், அன்றே ஏறிப் போய் அன்றே களத்தில் இறங்குவதை நான் பரிந்துரைக்க மாட்டேன். முந்தைய நாளே போய்த் தங்குங்கள். எடைப் பிரிவில் நிற்பவர்கள் ஆம்பூர்ப் பிரியாணியைத் திரும்பி வந்து சாப்பிடலாம். விண்ணப்பக் கட்டணமான 500 ரூபாயில், தகுதியுடன் தேர்வுக்கு வந்தவர்களுக்கு 400 ரூபாயும், பெண்கள், பட்டியல் இனத்தவர் உள்ளிட்டோர் செலுத்தும் 250 ரூபாய் முழுவதும் திருப்பித் தரப்படுவது வழக்கம். எனவே வங்கிக் கணக்கு எண்ணைப் பிழையின்றி நிரப்புங்கள்.

இந்த வழியில் போனவர்களைத் தேடி வெகுதூரம் செல்ல வேண்டியதில்லை. 2014 கிளாஸ்கோ, 2018 கோல்ட் கோஸ்ட் என இரண்டு காமன்வெல்த் போட்டிகளிலும் பளுதூக்குதல் 77 கிலோ பிரிவில் தங்கம் வென்ற சதீஷ் சிவலிங்கம் வேலூர் சத்துவாச்சாரிக்காரர். தெற்கு ரயில்வேயில் எழுத்தராகப் பணியாற்றியவர்.

பணி நியமனம் காட்பாடியிலோ ஜோலார்பேட்டையிலோதான் கிடைக்கும் என்று எதிர்பார்க்க வேண்டாம். மண்டலத்தில் எங்கும் போடலாம். வேலையில் சேர்ந்த பின் தேசியப் போட்டிகளில் தமிழ்நாட்டுச் சீருடைக்குப் பதில் ரயில்வே சீருடையில் ஆட வேண்டியிருக்கும். முகாம்களுக்கும் போட்டிகளுக்கும் சிறப்பு விடுப்பு உண்டு. ஆனால் பதவி உயர்வுக்கான துறைத் தேர்வுகளையும் எழுதி வருவது நல்லது, ஏனெனில் ஆட்டக் காலம் முடிந்த பிறகும் ஓய்வு பெறும் வயது வரை அதே அலுவலகத்தில்தான் உட்கார வேண்டும்.