கனவுப் புத்தகத்தை எந்தப் பக்கத்திலிருந்து திறப்பது

கனவுப் புத்தகம் கையில் கிடைத்தால் எல்லோரும் ஒன்றைத்தான் செய்வோம். நேற்று ராத்திரி பாம்பு வந்ததா? நேராகப் பாம்புக்கு என்ன போட்டிருக்கிறது என்று தேடுவோம். நானும் அப்படித்தான் ஆரம்பித்தேன். மலேசியாவின் பினாங்கில், பாயான் லெப்பாஸில் ஒரு எலக்ட்ரானிக்ஸ் தொழிற்சாலையில் எனக்கு 22 வருடம் நைட் ஷிப்ட். காலையில் கம்பெனி பஸ்ஸில் வந்து இறங்கி, ஜன்னலுக்குக் கறுப்புத் துணி கட்டிவிட்டுப் படுப்பேன். அந்தப் பகல் தூக்கத்தில் வரும் கனவுகள் ஒரு மாதிரியாக இருக்கும். அதற்கு அர்த்தம் தேடித்தான் சௌரஸ்தா மார்க்கெட் மாடியில் இருக்கும் பழைய புத்தகக் கடைகளுக்குப் போனேன். இப்போது வீட்டில் ஒரு அலமாரி நிறைய கனவுப் புத்தகங்கள். அவற்றை எப்படிப் படிப்பது என்று பிடிபடவே எனக்குப் பல வருடம் ஆயிற்று. அதைத்தான் இங்கே சொல்கிறேன்.

புத்தகத்தைத் திறக்கும் முன் உங்கள் கனவை எழுதிவிடுங்கள். தலையணை பக்கத்தில் ஒரு நோட்டு, பென்சில், அவ்வளவுதான். சைனீசியஸ் என்ற கிரேக்கர் 1600 வருடத்துக்கு முன்பே இதைச் சொல்லியிருக்கிறார்: பகலுக்கு நாட்குறிப்பு இருப்பதுபோல இரவுக்கும் ஒன்று வையுங்கள் என்று. நான் பட்டுத்தான் கற்றுக்கொண்டேன். ஒரு நாள் பல் விழுந்த கனவு. உள்ளங்கையில் ஈரமாக ஒரு பல். அதைச் சாப்பாட்டு டப்பா மூடியில் வைக்கிறேன். சாயங்காலம் ஒரு புத்தகத்தில் 'மேல் பல் என்றால் வீட்டுப் பெரியவர்' என்று படித்தேன். உடனே என் கனவில் விழுந்ததும் மேல் பல்தான் என்று சத்தியம் செய்யும் அளவுக்கு நினைவு வந்துவிட்டது. நோட்டைத் திறந்தால் 'எந்தப் பல் என்று தெரியவில்லை' என்று என் கையெழுத்தில் இருக்கிறது! படித்தது கனவுக்குள் புகுந்துவிடும். எழுதிவிட்டால் புக முடியாது.

அப்புறம், பலனைப் பார்க்கும் முன், புத்தகம் யாருக்காக எழுதப்பட்டது என்று பாருங்கள். எனக்கு இதைக் கற்றுக்கொடுத்தவர் ஆர்ட்டெமிடோரஸ். இரண்டாம் நூற்றாண்டில் எபேசு ஊர்க்காரர். சந்தையில் குறி சொல்பவர்களை மற்றவர்கள் ஏளனமாகப் பார்த்த காலத்தில், அவர்களோடு பல வருடம் பழகி, யார் என்ன கனவு கண்டார், பிறகு என்ன நடந்தது என்று கேட்டுச் சேர்த்தார். அதை வைத்து எழுதிய கனவு நூல் ஐந்து பாகம், கடைசி இரண்டும் மகனுக்காக எழுதியவை. பல் கனவுக்கு அவர் சொல்வதைக் கேளுங்கள். வாய் ஒரு வீடு, பற்கள் அந்த வீட்டு மனிதர்கள். வலப்பக்கம் ஆண்கள், இடப்பக்கம் பெண்கள். பல் விழுந்தால் சாவு என்று நம் வீட்டிலும் சொல்வார்கள், சரி. ஆனால் கனவு கண்டவர் கடன் வாங்கியவராக இருந்தால்? கடன் அடையும் என்கிறார். ஒரே பல், ஆளுக்கு ஆள் வேறு பலன். கனவு கண்டவரின் தொழில், நிலைமை, ஊர் வழக்கம் எல்லாம் கேட்காமல் வாயைத் திறக்காதே என்பதுதான் அவருடைய பாடம். இதையெல்லாம் கேட்காமல் ஒற்றை வரியில் பலன் சொல்லும் புத்தகத்தை நான் கொஞ்சம் தள்ளியே வைப்பேன்.

மூன்றாவது, கனவிலிருந்து பலனுக்கு எந்த வழியாக வந்தார்கள் என்று தேடுங்கள். எனக்கு மிகவும் பிடித்த வேலை இது. பிரிட்டிஷ் மியூசியத்தில் பாப்பிரஸ் என்ற நாணல் தாளில் எழுதிய எகிப்தியக் கனவு நூல் ஒன்று இருக்கிறது, 3200 வருடத்துக்கு முந்தையது. ஒவ்வொரு கனவுக்கும் 'நல்லது', 'கெட்டது' என்று போட்டிருக்கும். கெட்டது மட்டும் சிவப்பு மையில். கண்ணாடியில் தன் முகத்தைப் பார்த்தால் கெட்டது, இன்னொரு மனைவி வருவாள். இது புரிகிறது: இரண்டு முகம், இரண்டு குடும்பம். ஆனால் பெரிய பூனையைப் பார்த்தால் பெரிய விளைச்சல் என்கிறார்களே, அது எப்படி? எகிப்திய மொழியில் இரண்டும் ஏறக்குறைய ஒரே ஓசை. சிலேடை! மொழி மாறினால் சிலேடை செத்துப்போகும், பலன் மட்டும் அனாதையாக நிற்கும். ஒரு பலனுக்குத் தலையும் காலும் புரியவில்லை என்றால், அது வேறு மொழியிலிருந்து வந்ததா என்று முதலில் யோசியுங்கள்.

இன்னொரு வழி, தலைகீழ். கனவில் செத்தால் ஆயுசு கெட்டி, கனவில் கல்யாணம் கண்டால் ஆகாது என்பார்கள் நம் பெரியவர்கள். ஆனால் ஆண்டாள் 'வாரணமாயிரம்' என்று தொடங்கித் தன் கல்யாணக் கனவைத் தோழியிடம் பாட்டுப் பாட்டாகச் சொல்கிறாளே! அதை யாரும் அபசகுனம் என்று சொன்னதில்லை. என் அத்தையிடம் கேட்டேன். "அவ கண்டது பெருமாளையில்ல" என்று முடித்துவிட்டார். ஆர்ட்டெமிடோரஸ் கேட்டிருந்தால் தலையாட்டியிருப்பார்.

தமிழில் தொடங்க வேண்டுமானால் சிலப்பதிகாரத்தில் தொடங்குங்கள். அதில் கண்ணகி, கோவலன், பாண்டிமாதேவி என மூன்று பேர் கனவு காண்கிறார்கள். முன்பின் தெரியாத ஊரில் தேளைப் பிடித்து மேலே போட்டதுபோல் பழி வந்து விழுகிறது கண்ணகிக்கு. தேவிக்கு இரவில் வானவில், பகலில் விழும் நட்சத்திரம். காப்பியம் என்பதால், பலன் தனிப் பட்டியலாக இல்லாமல் கதையாகவே நடந்துவிடும்.

அட்டையில் இருக்கும் பெயரை அப்படியே நம்பாதீர்கள். மலாய்க் கடைகளில் இப்னு சீரீன் பெயரில் தஃப்சீர் மிம்பி, அதாவது கனவு விளக்கம், கிடைக்கும். பஸ்ராவில் வாழ்ந்து 728-ல் காலமான பெரிய மனிதர் அவர். கனவு சொல்வதில் பேர் போனவர்தான். ஆனால் அந்தப் புத்தகம் பிற்காலத்தவர் தொகுத்தது. நம் நாட்டைப் பற்றியே ஒரு கதை உண்டு. தெமியார் என்ற பழங்குடி மக்கள் காலையில் பிள்ளைகளின் கனவைக் கேட்டு, கனவைத் தன் வசப்படுத்தப் பழக்குகிறார்கள், அதனால் அவர்களிடம் சண்டையே இல்லை என்று கில்டன் ஸ்டூவர்ட் என்ற அமெரிக்கர் 1951-ல் எழுதினார். உலகமே நம்பியது. டோம்ஹாஃப் என்ற ஆய்வாளர் 1985-ல் அதற்கு ஆதாரமில்லை என்று காட்டினார். தெமியார்கள் கனவில் பாட்டு வாங்குவது மட்டும் உண்மை. அந்தப் பாட்டைக் கொண்டுதான் நோய்க்கு வைத்தியம் செய்கிறார்கள்.

மனோதத்துவ மருத்துவர் பிராய்டைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். அவருடைய 'கனவுகளின் விளக்கம்' 1899 நவம்பரில் வெளிவந்த புத்தகம், அட்டையில் 1900. அச்சடித்த 600 பிரதி விற்க எட்டு வருடம் ஆனதாம். பலனைக் கனவு கண்டவரிடமே தேடச் சொல்கிறார்.

பழைய ஆயுர்வேத ஆசான் சரகர் கனவை ஏழு வகையாகப் பிரிக்கிறார்: பார்த்தது, கேட்டது, அனுபவித்தது, ஆசைப்பட்டது, கற்பனை செய்தது, வரப்போவதைக் காட்டுவது, உடல் தோஷத்தால் வருவது. முதல் ஐந்துக்கும் பலன் இல்லை. பகல் தூக்கத்தில் வரும் கனவுக்கும் பலன் இல்லை என்கிறார். போச்சு, என் 22 வருடமும் கணக்கில் சேராது.

சௌரஸ்தாவில் வாங்கும்போது ஓரங்களைப் பாருங்கள். 8 வெள்ளிக்கு (ரிங்கிட்) நான் வாங்கிய சீன நம்பர் புத்தகத்தில், ஒவ்வொரு எண்ணுக்கும் ஒரு சின்னப் படம்; கனவில் வந்ததைப் பார்த்து லாட்டரி நம்பர் எடுப்பதற்கு. முதலைப் படத்துக்குப் பக்கத்தில் பென்சிலில் மூன்று டிக். "அடிச்சிருக்குமா பாய்?" என்று கடைக்காரரிடம் கேட்டேன். "அடிச்சிருந்தா புத்தகத்தை விப்பாங்களா அக்கா?" என்றார். அந்த எகிப்தியப் பாப்பிரஸை வைத்திருந்த எழுத்தர் அதன் பின்பக்கத்தில் ஒரு போர்ப் பாட்டை எழுதி வைத்தார். என் நம்பர் புத்தகத்தின் பின்னட்டையில் யாரோ ஒரு மாதப் பால் கணக்கை எழுதியிருக்கிறார்கள். அதில் இரண்டு நாள் பால் வரவில்லை.