லினக்ஸில் ஆட்டோ கிளிக்கர்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

மவுஸ் கிளிக்கைத் தானாகத் திரும்பத் திரும்பப் போடும் ஆட்டோ கிளிக்கரை நிறுவியாயிற்று, ஸ்டார்ட்டும் கொடுத்தாயிற்று. ஒரு கிளிக்கும் விழவில்லை. உடனே அதை நீக்கிவிட்டு வேறொரு கருவியைத் தேட ஆரம்பிப்பார்கள். அது வீண் வேலை. லினக்ஸில் ஜன்னல்களைத் திரையில் காட்டி, மவுஸ், கீபோர்டு உள்ளீட்டை அவற்றுக்குக் கொண்டுசேர்க்கும் அமைப்பு பழைய எக்ஸ்11 ஆகவோ புதிய வேலண்ட் ஆகவோ இருக்கும். உங்கள் டெஸ்க்டாப் எக்ஸ்11-இல் ஓடுகிறதா, வேலண்டிலா என்று முதலில் பாருங்கள். க்னோம் டெஸ்க்டாப்பில் செட்டிங்ஸின் அபவுட் பகுதியிலேயே இருக்கும்.

எக்ஸ்டூடூல், எக்ஸ்கிளிக்கர் போன்ற கிளிக் கருவிகள் எல்லாம் எக்ஸ்11-க்காக எழுதப்பட்டவை. அங்கே எந்த புரோகிராமும் இன்னொன்றின் ஜன்னலுக்குக் கிளிக்கை அனுப்பலாம். வேலண்ட் இதை வேண்டுமென்றே தடுக்கிறது. பழைய மென்பொருள்கள் சில வேலண்டிலும் எக்ஸ்வேலண்ட் என்ற இணைப்பு அடுக்கு வழியாக ஓடும். அவற்றில் மட்டும் கிளிக் விழக்கூடும். ஒரு ஜன்னலில் வேலை செய்து பக்கத்து ஜன்னலில் செய்யாமல் படுத்துவது பெரும்பாலும் இதனால்தான்.

வேலண்டுக்கு ஒய்டூடூல் என்ற கருவி இருக்கிறது. லினக்ஸின் மையப்பகுதியான கர்னலில் உள்ள யூஇன்புட் என்ற வசதி வழியாக ஒரு போலி மவுஸையே அது உருவாக்கிக்கொள்ளும். அதற்கு அனுமதி வேண்டுமே என்று பலர் தங்கள் கணக்கை, மவுஸ், கீபோர்டு சாதனங்களைப் படிக்க அனுமதி உள்ள 'இன்புட்' குழுவில் சேர்த்துவிடுகிறார்கள். கிளிக் விழும், சரி. ஆனால் அதன்பின் உங்கள் கணக்கில் ஓடும் எந்த புரோகிராமும் நீங்கள் தட்டும் ஒவ்வொரு எழுத்தையும், பாஸ்வேர்டு உட்பட, படித்துவிட முடியும். யூஇன்புட்டுக்கு மட்டும் ஒரு யூடெவ் விதி (சாதனங்களுக்கான அனுமதியைத் தீர்மானிக்கும் விதி) எழுதி அனுமதி கொடுப்பது மேல். அப்போதும் போலியாக விசை அழுத்த முடியும், ஒட்டுக்கேட்க முடியாது.

எல்லாவற்றையும்விடப் பெரிய தவறு, நிறுத்த வழி தெரியாமல் தொடங்குவது. கிளிக்குகள் கொட்டும்போது மவுஸ் உங்கள் கையில் இருக்காது. கருவியின் ஷார்ட்கட் விசையை நம்பியிருந்தால், வேலண்டில் அது கேட்காமலே போகலாம். கண்ட்ரோல், ஆல்ட், எஃப்3 மூன்றையும் சேர்த்து அழுத்தினால் பெரும்பாலான கணினிகளில் கறுப்புத் திரை கன்சோல் வரும். அங்கே லாகின் செய்து கிளிக்கரை 'பிகில்' கட்டளையால் கொல்லலாம். பாஷ் ஸ்கிரிப்ட்டில் லூப் (ஒரே கட்டளையைத் திரும்பத் திரும்ப ஓட்டும் வரிகள்) எழுதி எக்ஸ்டூடூலை ஓடவிட்டவர்கள் இங்கேயும் தடுக்கி விழுவார்கள்: எக்ஸ்டூடூலைக் கொன்றால் அந்த ஒரு கிளிக்தான் சாகும், லூப் அடுத்ததை எழுப்பிவிடும். கொல்ல வேண்டியது ஸ்கிரிப்ட்டை. அதைவிட, முடிவில்லாத லூப்பே வேண்டாம். எக்ஸ்டூடூலின் 'ரிப்பீட்' விருப்பத்தில் எண்ணிக்கையைக் கொடுத்துவிட்டால் தானாக நின்றுவிடும்.

இடைவெளியைப் பூஜ்ஜியமாக வைக்கும் ஆசையும் வேண்டாம். மென்பொருள் ஈடுகொடுக்காவிட்டால் கிளிக்குகள் வரிசையில் தேங்கும். கருவியை நிறுத்திய பிறகும் விழுந்துகொண்டே இருக்கும். 100 மில்லிசெகண்டில் தொடங்கி மெல்லக் குறையுங்கள்.

பொத்தான் எண்ணையும் கவனியுங்கள். எக்ஸ்டூடூலில் 1 இடது, 2 நடு, 3 வலது. வலது என்று நினைத்து 2 போட்டால், கடைசியாகத் தேர்வு செய்த உரை ஒவ்வொரு கிளிக்குக்கும் ஒட்டப்படும், அதுவும் சாட் பெட்டியில் என்றால் கேட்கவே வேண்டாம். ஒய்டூடூலின் புதிய பதிப்புகளில் இந்த எண்கள் செல்லாது; அதன் குறியீடே வேறு, பழைய ஸ்கிரிப்ட்டை அப்படியே கொண்டுபோகாதீர்கள்.

அப்புறம், ஆன்லைன் விளையாட்டுகள். பலவற்றில் ஆட்டோ கிளிக்கருக்கு விதிப்படியே தடை. அச்சுப் பிசகாமல் ஒரே இடைவெளியில் விழும் கிளிக்கைக் கண்டுபிடிப்பது விளையாட்டு நிறுவனங்களுக்குக் கஷ்டமே இல்லை, கணக்கு முடக்கப்படலாம்.